கூடம் கொடுத்த குரல்

மேலைக்கடலில் கதிரவன் செந்நிறம் கரைத்து இறங்கும் அந்தி வேளையில், நாளெல்லாம் பொதி சுமந்து களைத்த துறைமுகம், நுகம் கழற்றிய எருதுபோல் பெருமூச்செறிந்து மெல்ல அடங்கிக்கொண்டிருந்தது. விண்ணளாவ நின்ற பாரந்தூக்கிகள் தம் நீண்ட கழுத்துகளை நீர்மேல் நீட்டி ஓய்ந்திருக்க, அவற்றின் நிழல்கள் அலைதோறும் முறிந்து முறிந்து ஒன்றுகூட, உப்புக்காற்று தகரக் கதவுகளைத் தட்டிவிட்டுத் திரும்ப, வேலை முடித்தோரும் அவர்தம் மனைமக்களும் தம்மைக் குறித்த படமொன்று காட்டப்படவிருந்த கரையோரப் பழங்கிடங்கை நோக்கித் திரளாக நடந்தனர். தம் முகங்களைத் தாமே திரையில் காணப்போகும் நாணமும் ஆவலும் அந்நடையில் கலந்திருந்தமையை, நயமறிந்த அன்பரே, நீவிர் கண்டிருந்தால் முறுவலித்திருப்பீர்.

அப்படத்தை ஆக்கியவள் அதே துறைமுகத்தில் சாக்குத் தைத்தவள். 'படக்காரி' என்பதே ஊர் அவளுக்கு இட்ட பெயர். ஆசான் என ஒருவரும் இலர். பழுதென ஒதுக்கப்பட்ட படம்பிடிக்கும் பெட்டியைப் பிரித்தும் பொருத்தியும், தான் கெடுத்த காட்சிகளையே பாடமாகக் கொண்டும் கற்றவள். பொதி தூக்குவோன் தோள்துண்டை உதறும் அழகும், எடைபோடுவோள் கண்சுருக்கித் தராசுமுள்ளை நோக்கும் கூர்மையும் அவளுக்குப் பேரரசர்தம் முடிசூட்டு விழாவினும் பெரியனவாய்த் தோன்றின.

முன்வரிசையில் ஒருத்தி அமர்ந்திருந்தாள். பாரந்தூக்கி இயக்கிவந்த அவள் கணவன், படப்பிடிப்பு முடிந்தபின் மழைக்காலத்துக் காய்ச்சலில் மறைந்திருந்தான்.

"வீட்ல அவர் படம் நிறைய இருக்கும்மா. குரல்தான் எங்கயும் இல்ல. அதைக் கேக்கத்தான் வந்தேன்" என்றாள்.

"கேப்பீங்கக்கா. உங்க வீட்டுக் காட்சியை முழுசாப் பேச்சோட வச்சிருக்கேன்" என்றாள் படக்காரி.

விளக்கணைந்தது, திரை ஒளிர்ந்தது. ஆயின் முதற்காட்சி முடியுமுன்பே ஒலிபெருக்கி ஒருமுறை கரகரத்து, அடியோடு ஊமையாயிற்று. படக்காரி கம்பிகளை மாற்றி மாற்றிச் செருகினாள்; பயனில்லை. முன்வரிசையை ஏறிட்டுப் பார்க்கவும் துணிவின்றி, படத்தை நிறுத்தக் கைநீட்டிய அக்கணத்தில், இருளினின்று ஒரு குரல் எழுந்தது.

"டேய், மெதுவா இறக்குடா. அது என் காலு, கல்லு இல்ல."

திரையில் வாயசைத்துக்கொண்டிருந்த சுமைகாரனே எழுந்து நின்று, தன் சொல்லைத் தானே சொன்னான். காட்சியில் அவன் எதிரே நின்ற தோழன் மறுமொழி கூற வேண்டிய இடம் வந்தது.

"அன்னைக்கு நான் சொன்னதை இத்தனை பொம்பளைங்க முன்னாடி சொல்ல முடியாது" என்றான் கூட்டத்தில் இருந்த அத்தோழன்.

கூடமே நகைத்தது. அதன்பின் எடைபோடுவோள் பேசினாள், வண்டியோட்டி பேசினான், முகம் தோன்றுந்தோறும் அம்முகத்துக்குரியோர் குரல் இருளெங்கும் முளைத்தது. நீட்டிய கையை மடக்கவும் மறந்து நின்றாள் படக்காரி.

பின்னர்த் திரையில் ஒரு சிறு வீடு, காலை வெயில். மறைந்தவன் சட்டைப்பையைத் தடவியவாறு எதையோ தேடினான். அம்முகத்துக்குக் குரல் தர எவருளர்? முன்வரிசையில் இருந்தவள் எழாமலே பேசலானாள்.

"சாவி எங்கடி வச்ச? நான் ஏன் உங்க சாவியை எடுக்கறேன், சட்டையிலயே பாருங்க. அதுல இல்லடி. அந்தச் சட்டை இல்ல, நேத்துப் போட்டது. ஆமா, இருக்கு. தினமும் இதே கூத்துதான் உங்களுக்கு."

இருவர் பேச்சையும் அவள் ஒருத்தியே பேசினாள். திரையில் அவன் செருப்பணிந்து, வாயிற்படியில் நின்று, திரும்பி நோக்கி ஏதோ உரைத்தான். அச்சொல்லை அவள் அறிவாள்; ஆயினும் சொல் வரவில்லை.

அப்போது கூடத்திலிருந்த அத்தனை பேரும், ஒருவரை ஒருவர் நோக்காமல், தாழ்ந்த குரலில் ஒருசேரச் சொன்னார்கள்:

"போயிட்டு வரேன்."

மறுநாள் ஒலிபெருக்கி சீராயிற்று. தனித்து வந்தமர்ந்து கணவனின் குரலைக் கண்மூடிக் கேட்ட அவள், கண்துடைத்து, "நேத்து எல்லாரும் சொன்ன மாதிரியேதான் சொல்லியிருக்காரு" என்றாள்.

நாடோறும் வாயிலில் நின்று நாம் பொருட்படுத்தாது உதிர்க்கும் எளிய சொற்களினும் பெருங்காப்பியம் மாந்தர்க்கு வேறுண்டோ? அதனை எழுதியோர் எவரோ, நாமறியோம். ஆயின் நம்முள் ஒருவர் நா தளரும்போது, அதனைச் சொல்லி முடிக்க ஊரே உளது.