வில்ஃப்ரெட் தோர்ன்லிக்கு ஊர் வைத்த பெயர்

1

இந்தக் கதை ஒரு பொறாமையில் பிறந்தது. பொறாமை என்னுடையது அல்ல, வில்ஃப்ரெட் தோர்ன்லியுடையது. வேல்ஸின் வடக்கே ப்ரின்கார்னில் நான் குடியேறிய மறு மாதமே ஊர் எனக்கு ஒரு பட்டப்பெயர் வைத்துவிட்டது. (என்ன பெயர் என்று கேட்காதீர்கள், சொல்ல மாட்டேன்.) அது தெரிந்த நாளிலிருந்து தோர்ன்லி என்னிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. எனக்கு முன்னால் வந்தவர் அவர். அவருக்கு இன்னும் பெயர் இல்லை.

முதலில் இப்படித் தொடங்கினேன்: "மலைச்சரிவில் மூடுபனி மெல்லக் கவிந்துகொண்டிருந்த ஒரு..."

வேண்டாம். இங்கே மூடுபனி கவியாத நாளைச் சொன்னால்தான் கதை.

2

ப்ரின்கார்னில் கல்லை விட்டெறிந்தால் ஒரு ஜோன்ஸ் மேல் விழும், தப்பினால் ஒரு டேவிஸ் மேல். அதனால் தொழிலையோ குணத்தையோ பெயரோடு ஒட்டிவிடுவார்கள். மதுக்கடை லாய்டுக்குத் தலையிலும் முகத்திலும் ஒரு முடி கிடையாது. ஆனாலும் தாத்தாவின் புண்ணியத்தில் அவர் "மீசை லாய்ட்". குழாய் ரிப்பேர் செய்பவர் "நாளைக்கு எம்ரிஸ்". காரணம் சொல்லத் தேவையில்லை. தோர்ன்லியின் மனைவி "ரொட்டி ஹெய்ல்வென்", அப்பா பேக்கரி வைத்திருந்தவர்.

தோர்ன்லி இங்கிலாந்துக்காரர். ஹெய்ல்வெனைக் கட்டிக்கொண்டு இங்கே வந்தவர். பெயருக்கு அர்த்தம் சொல்வது அவருக்கு ஒரு வியாதி. கையில் கிளாஸோடு யார் சிக்கினாலும் விடமாட்டார்.

"லாய்ட்னா நரைச்சவன்னு அர்த்தம், தெரியுமா?"

"நரைக்க எங்கிட்ட என்னங்க இருக்கு, மிஸ்டர் தோர்ன்லி?"

"எம்ரிஸ், உங்க பேருக்கு சாவே இல்லாதவன்னு அர்த்தம்."

"அப்புறம் என்ன அவசரம்? உங்க குழாய நாளைக்குப் பாத்துக்கலாம்."

(வில்ஃப்ரெட் என்றால் அமைதியை விரும்புபவன். தோர்ன்லி என்றால் முட்செடிகளை வெட்டித் திருத்திய நிலம். இதையும் அவரே சொன்னார், என்னோடு பேசிக்கொண்டிருந்த நாட்களில், நான் கேட்காமலே.)

3

இங்கே எனக்கு ஒரு சந்தேகம் வந்தது. பட்டப்பெயர் இல்லாதது ஒரு துக்கமா? இதற்காக ஒரு மனிதன் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்வானா? பேனாவை மூடிவிட்டேன். பிறகு தோர்ன்லி வீட்டுச் சமையலறை ஜன்னல் வழியே ஒருநாள் கண்டதும் கேட்டதும் நினைவுக்கு வந்தன. ஹெய்ல்வெனுக்கு அப்போது நிறைமாதம்.

"நம்ம பிள்ளைய யாராவது நிறுத்தி, நீ யாரு வீட்டுப் பிள்ளைன்னு கேப்பாங்க. என்ன சொல்லும்? அம்மா ரொட்டி ஹெய்ல்வென். அப்பா மிஸ்டர் தோர்ன்லி! யாரோ வரி வசூல் பண்ண வந்தவன் மாதிரி."

"மரியாதையாத்தானேப்பா கூப்பிடறாங்க."

"அந்த மரியாதைதான் வேண்டாங்கறேன். இந்த ஊர்ல எம்ரிஸ் நாய்க்குக்கூட ஒரு பட்டப்பேர் இருக்கு, ஹெய்ல்வென்."

அவள் சிரிப்பை விழுங்கிக்கொண்டு மாவைப் பிசைந்தாள். அவர் சிரிக்கவில்லை. பிள்ளை பிறக்கும்போது தான் வெளியூர்க்காரனாகவே நிற்கப் போகிறோம் என்பது அவரை உண்மையாகவே அரித்தது. எனக்குப் பாவமாக இருந்தது. பேனாவைத் திறந்தேன்.

4

அந்த வாரமே தோர்ன்லி ஒரு தப்புச் செய்தார். வீட்டுக்குப் பின்னால் தேனீப்பெட்டி ஒன்று வைத்திருந்தார். மதுக்கடை நிறைந்திருந்த சாயங்காலம் எழுந்து நின்று தொண்டையைச் செருமினார்.

"இனிமே எல்லாரும் வில்ஃப்ரெட்டைச் சுருக்கி என்னைத் தேனீ வில்னே கூப்பிடலாம்."

லாய்ட் ஒரே கிளாஸை வெகுநேரம் துடைத்தார்.

"சரிங்க, மிஸ்டர் தோர்ன்லி," என்றார்.

இந்த ஊரில் பெயரை ஊர்தான் வைக்கும். கேட்டு வாங்குவது, தன் கழுத்தில் தானே மாலை போட்டுக்கொள்கிற மாதிரி. அது உள்ளூர்ப் பொடிசுக்கும் தெரியும்.

5

முடிவுகள் சிலவற்றை எழுதிப் பார்த்தேன்.

வெள்ளத்தில் போன ஆட்டுக்குட்டியைத் தோர்ன்லி நீந்திக் காப்பாற்றுகிறார், ஊரே... (அவருக்கு நீச்சல் தெரியாது. அடித்துவிட்டேன்.)

மனம் உடைந்து இங்கிலாந்துக்கே திரும்பி... (ஹெய்ல்வென் என்னை உயிரோடு விடமாட்டாள்.)

6

ஆகவே நடந்ததைச் சொல்கிறேன். பெண் குழந்தை பிறந்தது. அர்த்தத்தோடு ஒரு பெயர் யோசித்து வைத்திருந்த தோர்ன்லி, அதை மறந்துவிட்டு ஆஸ்பத்திரியிலிருந்து நேராக மதுக்கடைக்கு ஓடிவந்தார். செய்தி அவருக்கு முன்பே வந்து சேர்ந்திருந்தது. வாசலுக்கு முதுகு காட்டி நின்ற எம்ரிஸ் போனில் மனைவியிடம் கத்திக்கொண்டிருந்தார்.

"ஆமாண்டி, பொண்ணாம்! நம்ம ———— இருக்கான்ல, அவனுக்கு!"

"யாருக்கு?" என்றார் தோர்ன்லி.

எம்ரிஸ் திரும்பினார். லாய்டின் மொட்டைத்தலை சிவந்தது.

"உங்களத்தாங்க," என்றார் எம்ரிஸ். "தப்பா எடுத்துக்காதீங்க. மூஞ்சிக்கு நேரா எப்படிச் சொல்றதுன்னு..."

"எப்பலேருந்து?"

"நீங்க வந்த மொத வாரத்துலேருந்தே. தேனீன்னு வேற எழுந்து நின்னீங்களா, எங்களுக்குச் சிரிப்ப அடக்க முடியல. ஹெய்ல்வெனக் கேளுங்க, பேர் வெச்சதே அவதான்."

தோர்ன்லி எம்ரிஸின் பக்கத்தில் வந்து நின்றார்.

"இன்னொரு தடவ சொல்லு."

எம்ரிஸ் சொன்னார். தோர்ன்லிக்குச் சிரிப்பும் கண்ணீரும் சேர்ந்து வந்தன. வாழ்க்கையில் முதல் முறையாக ஒரு பெயருக்கு அவர் அர்த்தம் சொல்லவில்லை.

"வா, உக்காரு," என்றார் எம்ரிஸ். நீங்களும் வாங்களும் அன்றோடு போயின.

7

மேலே இருக்கிற கோடு அச்சுப்பிழை அல்ல. அந்தப் பெயர் எனக்குத் தெரியும். ஆனால் எழுதுகிறவன் ஒருவன் தனியாக உட்கார்ந்து எழுதிவிட்டால், அது இன்னொரு தேனீ வில் ஆகிவிடும். தோர்ன்லி இருக்கிறானே, அவனோடு பழகியவர்கள்தான் வைக்க வேண்டும். (கவனித்தீர்களா, நானும் "அவர்" போடுவதை விட்டுவிட்டேன்.) நீங்களும் இப்போது பழகிவிட்டீர்கள்.

அதோ, மகளைப் பார்க்க மேட்டில் ஏறிப் போகிறான். முதுகு நம் பக்கம் இருக்கிறது. அந்தக் கோட்டில் பெயரை நிரப்புங்கள், சீக்கிரம், அவன் திரும்பிப் பார்ப்பதற்குள்.