ஜெனி வீட்டு ட்யூப்லைட்

"மனசுல எதையும் பூட்டி வைக்காத ஜெனி. கேக்காத ஆசை உடம்புல கரண்டா ஏறிரும்." நிச்சயம் முடிந்த வாரம் தாதர் ஸ்டேஷனில் ஸ்டெர்லின் சொன்னான்.

"ஏறட்டுமே, உங்க வீட்டுக்குக் கரண்ட் பில்லு மிச்சம்லா?" என்று அவள் சிரித்தாள்.

கல்யாணமான பிறகு இப்போது, மழையில் கரண்ட் போய் லேபர் கேம்ப் குடியிருப்பு முழுக்க இருண்டு கிடக்க, அவர்களுடைய ஒற்றை அறையில் மட்டும் ஜெனியின் உடம்புக் கரண்டில் ட்யூப்லைட் எரிந்தது. நின்றால் விரல்கள் சுட்டதால், அவள் அடுப்புக்கும் கதவுக்குமாக நடந்துகொண்டே இருந்தாள்.

மொபைலுக்குச் சார்ஜ் போட வந்தவர்களிடம் மாமியார் சேசம்மாள் சொன்னாள்: "பிள்ள பெத்துக்கிற ஆசதான். வெக்கத்துல சொல்ல மாட்டேங்கா."

தினமும் ஜெனிக்கும் ஸ்டெர்லினுக்கும் நடுவில் பாய் விரித்துப் படுப்பவள் அவள்தான்.

நனைந்து வந்த ஸ்டெர்லினுக்கு ஜெனி துண்டை நீட்டினாள். விரல் பட்டதும் அவன் தூக்கியெறியப்பட்டுக் கதவில் மோதினான்.

"யம்மா! ஒன்னத் தொடக்கூட முடியலயே பிள்ள. இப்படியே போனா நாம எப்படி வாழ? என்னதான் வேணும், சொல்லு."

அவன் முகத்தில் பயத்தைப் பார்த்ததும் அவளுக்கு மாமியார் நிற்பதுகூட மறந்துபோனது.

"அத்தான், நம்ம ரெண்டு பேருக்கு மட்டும் தனியா ஒரு ரூம் பாப்பமா?"