மைனஸ் ஆறு

நகரத்தின் லியூலின் பகுதியில் சோர்னிட்சா குடியிருக்கும் எட்டு மாடிக் கட்டடத்தில் யார் வீட்டில் என்ன கொதிக்கிறது என்பது லிஃப்டுக்கே தெரியும். ஆனால் சோர்னிட்சா என்ன வேலை பார்க்கிறாள் என்பது மட்டும் இருபத்திரண்டு வருடமாக ஒருவருக்கும் பிடிபடவில்லை. சினிமாவில் இருக்கிறாள் என்றார்கள். எந்தச் சினிமா என்று கேட்டால் பெயர் சொல்வாள். அந்தப் பெயரில் ஒரு படம் எந்தக் கொட்டகையிலும் ஓடியதாக யாருக்கும் நினைவிருக்காது.

கடைசியில் பென்காதான் நேராகக் கேட்டாள். பென்காவின் கடை அடித்தளத்தில் இருக்கிறது. தரையோடு ஒட்டிய ஜன்னல் வழியாகத்தான் ரொட்டியும் சிகரெட்டும் விற்பாள். வாங்க வருகிறவர்கள் முழங்காலை மடக்கிக் குனிய வேண்டும். குனிந்தவர்களிடம் கேள்வி கேட்பது அவளுக்குச் சுலபம்.

"நீ நடிக்கிறியா?"

"இல்லக்கா."

"அப்ப படம் புடிக்கிறியா?"

"அதுவும் இல்லக்கா. நடிக்கிறவர் கையில முதல் ஷாட்ல சிகரெட் எவ்வளவு நீளம் இருந்துச்சோ, அடுத்த ஷாட்லயும் அவ்வளவே இருக்கான்னு பார்க்கிறது. கண்டினியூட்டின்னு பேரு."

பென்கா சற்று யோசித்தாள். "என் வீட்டுக்காரர் போய்ச் சேர்ற வரைக்கும் அந்த வேலைய நான் சும்மாவேதான் பார்த்தேன்."

சோர்னிட்சா அந்த வேலையை அவ்வளவு லேசாக எடுத்துக்கொண்டவள் இல்லை. பதினோரு படங்கள். அவற்றில் முடிந்தவை நான்கு. ஒரு படத்தை மொத்தம் அறுபது பேர் பார்த்தார்கள். அவர்களில் நாற்பது பேர் அதில் வேலை செய்தவர்கள், மிச்சம் அவர்களுடைய அம்மாக்கள். ஆனால் அந்த நான்கு படங்களிலும் ஒரு கோப்பையில் காப்பி ஏறியிருக்காது, ஒரு பொத்தான் தானாகத் திறந்திருக்காது. ரோடோப்பி மலையில், பீன்ஸ் சூப் உறையும் குளிரில், எட்டுப் பேர் ஒரே வேனில் தூங்கி எழுந்து எடுத்த படங்கள். கலைக்காகப் பட்டினி கிடக்கிறோம் என்ற பெருமிதத்தில் யாரும் ஒழுங்கான ஒப்பந்தம் கேட்கவில்லை. நாற்பத்தொன்பதாவது வயதில் ஒருநாள் சோர்னிட்சா தன் ஊழியப் புத்தகத்தை எடுத்துப் பார்த்தாள். வேலை செய்த வருடங்கள் எழுதப்பட வேண்டிய பக்கங்கள் எல்லாம் அச்சகத்திலிருந்து வந்த மாதிரியே இருந்தன. இப்படியே போனால் முதுமையில் ஓய்வூதியம் என்று கையில் வருவது லிஃப்ட் பராமரிப்புக்குக் கட்டக்கூடக் காணாது.

கூட இருந்தவர்களில் ஒருவன் ஜெர்மனிக்குக் கிடங்கு வேலைக்குப் போனான், ஒருத்தி பற்பசை விளம்பரத்துக்கு. சோர்னிட்சா அக்டோபரில் கல்வித் தொலைக்காட்சியில் சேர்ந்தாள். ஆறு மாதம் தகுதிகாண் காலம்; பிழை இல்லாமல் தாண்டினால் நிரந்தர வேலை. ஏப்ரல் பதினைந்தாம் தேதி கையெழுத்து. அந்தத் தேதியை அவள் யாரிடமும் சொல்லவில்லை. பென்காவுக்கு எப்படித் தெரிந்தது என்று கேட்காதீர்கள்.

அங்கே ஒரு நாளைக்கு மூன்று பாடம் எடுப்பார்கள். ஒரு திரைச்சீலை எவ்வளவு விலகியிருக்க வேண்டும் என்று இரண்டு மணி நேரம் சண்டை போட்ட கூட்டத்திலிருந்து வந்தவளுக்கு, முதல் வாரம் மூச்சு முட்டியது. தயாரிப்பாளன் குரூம் அவளைவிடப் பத்து வயது இளையவன். எப்போதும் கைக்கடிகாரத்தோடு பேசுவான். "சோரா, இது ஒளிப்பதிவுக் கவிதை இல்ல. மலைப்பாம்பு எதத் தின்னும்னு பிள்ளைங்களுக்குத் தெரியணும், அவ்வளவுதான்" என்பான். அவளோ பலகையில் சாக்பீஸ் எந்தப் பக்கம் இருந்தது என்பதுவரை கைப்பேசியில் படம் எடுத்து வைத்துக்கொள்வாள். அவள் வந்த பிறகு பாடங்கள் வெட்டு ஒட்டுத் தெரியாமல் ஓடுகின்றன என்று மேலிடத்திலிருந்து ஒரு பாராட்டுகூட வந்தது. குரூம் அதைத் தன் பெயருக்கு வாங்கிக்கொண்டான்.

மார்ச் முதல் வாரத்தில் ஏழாம் வகுப்புக் கணக்கு எடுத்தார்கள். ஏழாம் வகுப்பு என்றால் இந்த ஊரில் குடும்பமே பரீட்சை எழுதும் வருடம். நல்ல உயர்நிலைப் பள்ளி கிடைக்குமா கிடைக்காதா என்று பெற்றோருக்குத் தூக்கம் போய்விடும். பாடம் நடத்தியவர் எவ்தோக்கியா டீச்சர். அறுபத்தொரு வயது, முப்பத்தேழு வருடம் பள்ளியில் நின்ற கால்கள், கேமராவைப் பார்த்தால் மட்டும் முதல் நாள் பள்ளிக்கு வந்த பிள்ளை மாதிரிப் பயம்.

நடந்தது இதுதான். அடைப்புக்குறிக்கு முன்னால் மைனஸ் இரண்டு, உள்ளே மைனஸ் மூன்று. இரண்டு மைனஸைப் பெருக்கினால் பிளஸ், ஆகவே பிளஸ் ஆறு என்று டீச்சர் வாயால் சரியாகத்தான் சொன்னார். கை, பயத்தில், மைனஸ் ஆறு என்று எழுதிவிட்டது. யாரும் கவனிக்கவில்லை. அடுத்த நிமிடம் ஒரு விளக்கு வெடித்தது. குரூம் எல்லோரையும் காப்பி இயந்திரத்துக்கு விரட்டினான். தனியாக நின்ற டீச்சர் திரும்பிப் பார்த்தார், தப்பைக் கண்டார், விரல் நுனியால் அழித்து பிளஸ் போட்டார், வெட்கத்தில் ஒருவரிடமும் சொல்லாமல் அவரும் காப்பிக்குப் போனார்.

முதலில் திரும்பி வந்தவள் சோர்னிட்சா. விளக்கு வெடித்ததும் கைப்பேசியில் எடுத்திருந்த படத்தையும் பலகையையும் ஒப்பிட்டாள். படத்தில் மைனஸ், பலகையில் பிளஸ். விளக்குக்காரனின் முதுகு உரசி அழிந்திருக்கும், அவனே எதையோ போட்டு ஒப்பேற்றியிருப்பான் என்று நினைத்தாள். பழக்கதோஷத்தில் இந்தப் பலகையையும் ஒரு படம் எடுத்தாள். பிறகு துணியால் ஒற்றி எடுத்து, டீச்சரின் கையெழுத்திலேயே, இடது நுனி லேசாகத் தூக்கினாற்போல, ஒரு மைனஸ் போட்டாள். கணக்கு சரியா தப்பா என்பது அவள் மூளைக்குள் நுழையவே இல்லை. முதல் ஷாட்டில் ஜன்னல் உடைந்திருந்தால் அடுத்த ஷாட்டிலும் உடைந்துதான் இருக்க வேண்டும். யார் உடைத்தார்கள் என்று அவள் கேட்பதில்லை.

டீச்சர் வந்தார். "எழுதினதத் திரும்பிப் பார்க்காதீங்க, விட்ட இடத்துலேருந்து கேமராவப் பார்த்துச் சொல்லுங்க" என்றான் குரூம். டீச்சர் மேல் வரியை நிமிர்ந்து பார்க்காமல், கையிலிருந்த காகிதத்தை மட்டும் பார்த்துக் கீழே மிச்ச வரிகளை எழுதி, சரியான விடையில் முடித்தார். பாட மேற்பார்வையாளர் காகிதத்தை மட்டும் சரிபார்த்தார். காகிதம் சரியாகத்தான் இருந்தது.

ஏப்ரல் ஒன்பதாம் தேதி ஒளிபரப்பானது. பத்தாம் தேதி காலையில் பென்காவின் ஜன்னலிலிருந்து குரல் வந்தது.

"ஏ சோரா, உங்க டிவில வாய் ஒண்ணு சொல்லுது, கை ஒண்ணு எழுதுது. என் பொண்ணு ராத்திரி முழுக்க அழுவுறா, எது சரின்னு. பேரண்ட்ஸ் குரூப்ல அந்தம்மாவக் கிழிச்சித் தொங்க விட்டுட்டாங்க. வயசானா வீட்ல உக்கார வேண்டியதுதானேன்னு."

சோர்னிட்சா குனிந்த நிலையிலேயே கைப்பேசியை எடுத்தாள். இரண்டாவது படத்தைப் பெரிதாக்கினாள். பிளஸ் குறிக்குப் பின்னால் விரலால் அழித்த மெல்லிய தடம். அது விளக்குக்காரனின் முதுகு இல்லை, டீச்சரின் விரல் என்பது அப்போதுதான் தெரிந்தது.

"எழுந்திரு, பின்னாடி ஆள் நிக்குது" என்றாள் பென்கா.

சொல்லிவிட வேண்டும் என்றுதான் அலுவலகத்துக்குப் போனாள். டிராமில் வாக்கியத்தைக்கூடத் தயார் செய்தாள். குரூம் கதவைத் திறந்ததுமே கேட்டான்.

"சோரா, உன்கிட்ட எல்லாத்துக்கும் போட்டோ இருக்குமே. பலகைல என்ன இருந்துச்சு? டெக்னிக்கல் ஆளுங்க யாராவது கை வெச்சாங்களா? அப்படின்னா இப்பவே சொல்லு, மேலேருந்து யாராவது ஒருத்தர் தலையக் கேக்கிறாங்க. இன்னைக்கே."

ஐந்து நாள் இருந்தது பதினைந்தாம் தேதிக்கு. அவள் கைப்பேசியை நீட்டினாள். முதல் படம். மைனஸ் ஆறு, டீச்சரின் சொந்தக் கை, நேரம் பத்து இருபது. அந்தப் படத்தில் பொய் ஒரு துளி இல்லை.

"அப்பாடா" என்றான் குரூம். "அவங்களே எழுதினது."

"அவங்களே எழுதினது" என்றாள் சோர்னிட்சா.

டீச்சர் வாதாடவே இல்லை. அன்று மாலையே மன்னிப்புக் கடிதம் கொடுத்தார், அடுத்த பாடங்களிலிருந்து விலகிக்கொண்டார். அந்தப் பாடத்தை மறுபடி எடுக்க நேரமில்லை. கை மட்டும் தெரிகிற மாதிரி ஒரு நெருக்கமான ஷாட் எடுத்துச் செருகிவிடலாம் என்றான் குரூம். யார் கை? எல்லோரும் சோர்னிட்சாவைப் பார்த்தார்கள். அவள் டீச்சர் போட்டிருந்தது போன்ற சாம்பல் நிறக் கம்பளிச் சட்டையைத் தேடிப் பிடித்தாள். மார்ச்சில் எடுத்ததால் டீச்சரின் மணிக்கட்டில் சிவப்பும் வெள்ளையும் முறுக்கி, வசந்தம் வர எல்லோரும் கட்டிக்கொள்ளும் மார்தேனிட்சா நூல் இருந்தது. ஊரே மரம் பூத்ததும் கழற்றிக் கிளையில் கட்டிவிட்ட பிறகு, சோர்னிட்சா ஏப்ரலில் ஒன்றைத் திரித்துத் தன் கையில் கட்டிக்கொண்டாள். ஒரே டேக். பிளஸ் ஆறு. எடிட்டரால்கூடக் கண்டுபிடிக்க முடியவில்லை.

பதினைந்தாம் தேதி கையெழுத்தானது. ஊழியப் புத்தகத்தில் முதல் முத்திரை விழுந்தது. வீட்டுக்கு வந்து அதை மேசை மேல் வைத்துப் பார்த்தாள். அழகான நீல முத்திரைதான். பிறகு எடுத்து அலமாரிக்குள் வைத்தாள்.

மே மாதம் ஒரு சனிக்கிழமை முற்பகலில் எவ்தோக்கியா டீச்சர் லியூலினுக்கு வந்தார். பென்காவின் ஜன்னல் முன்னால் சிரமப்பட்டுக் குனிந்து, எந்த வாசல், எத்தனையாவது மாடி என்று கேட்டார். கேட்டதைத் திரும்ப ஒரு முறை சொல்லிப் பார்த்துக்கொண்டார். டிவியில் கிழிபட்ட முகம் பென்காவுக்குத் தெரியாமலா போகும்? அவரை முன்னால் விட்டு, தானும் ஏதோ வேலையாக ஆறாவது மாடிப் படிக்கட்டில் நின்றாள்.

டீச்சர் உள்ளே வந்து நாற்காலி நுனியில் உட்கார்ந்தார்.

"பயப்படாதேம்மா, வேலையத் திருப்பிக் கேக்க வரல. ஒரே ஒரு விஷயம். அந்தத் திருத்தின பாடத்தப் பார்த்தேன். அதுல நானே சரியா எழுதறேன். அத எப்ப எழுதினேன்னு எனக்குச் சுத்தமா ஞாபகம் இல்ல."

"அது என் கை டீச்சர்" என்றாள் சோர்னிட்சா அவசரமாக. "நீங்க எழுதல. உங்க கை மாதிரி நான் எழுதினேன்."

டீச்சர் அவளையே பார்த்தார். பிறகு நெஞ்சில் கைவைத்துச் சிரித்தார். "அட கடவுளே. ஒரு வாரமா தூங்கலம்மா நான். எங்க அக்காவுக்கு மறதி இப்படித்தான் ஆரம்பிச்சுது. இப்ப என்னைப் பார்த்து அம்மா அம்மாங்கறா." சிரிப்பு நின்றது. "நல்லாத்தான் எழுதற. என் மைனஸ்கூட இடது பக்கம் தூக்கும்." கொஞ்சம் தயங்கினார். "அப்ப இன்னொண்ணு கேக்கறேன். அன்னைக்கு விளக்கு வெடிச்சப்ப நான் அத அழிச்சு பிளஸ் போட்டேன். போட்டதா நினைக்கிறேன். விரல்ல சாக்பீஸ் ஒட்டினதுகூட ஞாபகம் இருக்கு. நீ எல்லாத்தையும் படம் எடுப்பியே. நடுவுல யாராவது பலகையத் தொட்டாங்களா?"

சோர்னிட்சா அலமாரிப் பக்கம் பார்த்தாள். அலமாரியில், கண்ணாடிக்குப் பின்னால், ஊழியப் புத்தகம் இருந்தது. கைப்பேசி அவள் மடியிலேயே இருந்தது. இரண்டாவது படத்தை அவள் அழித்திருக்கவில்லை. எதையும் அழிக்கும் பழக்கம் அவளுக்கு இல்லை. காட்டினால் இந்தக் கிழவி பள்ளிக்குப் போவார், பள்ளி தொலைக்காட்சிக்கு எழுதும், குரூம் கூப்பிடுவான்.

"யாரும் தொடல டீச்சர்."

"ஒருத்தரும்?"

"ஒருத்தரும்." முதல் படத்தைத் திறந்து காட்டினாள்.

டீச்சர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு நெடுநேரம் பார்த்தார். "ஆமா. என் எழுத்துதான்" என்றார். குரலில் கோபம் இல்லை. மாணவன் நோட்டைத் திருத்திவிட்டு மூடிவைக்கிற குரல். "இத எனக்கு அனுப்பறியா? திங்கட்கிழமை டாக்டர் கிட்டப் போறேன். எதுலேருந்து ஆரம்பிச்சுதுன்னு கேப்பாங்க."

சோர்னிட்சா அனுப்பினாள். டீச்சரின் பைக்குள் ஏதோ சிணுங்கியது.

"நல்லது செஞ்சம்மா. வேற யாரா இருந்தாலும் மனசு நோகக் கூடாதுன்னு மழுப்பியிருப்பாங்க."

கதவு சாத்தியது. பென்கா படிக்கட்டில் தனக்குத் தெரிந்தவரை அசையாமல் நின்றாள். டீச்சர் ஒரு மாடி இறங்கினார், நின்றார், பையைத் திறந்தார், மூடினார். மெல்லத் திரும்பி ஏறி வந்து மணி அடித்தார்.

"ஏம்மா, நான் வரும்போது கையில குடை கொண்டு வந்தேனா?"

"இல்ல டீச்சர்" என்றாள் சோர்னிட்சா. "பை மட்டும்தான். வலது தோள்ல."

"நிச்சயமா?"

"நிச்சயமா."

"நீ சொன்னா சரி" என்று சொல்லிவிட்டு, கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, ஒவ்வொரு படியாகப் பார்த்துப் பார்த்து டீச்சர் இறங்கிப் போனார்.