துளைக்கு எதிரே பொன்னுரங்கம்

பழவேற்காட்டு டச்சுக் கோட்டையில் இருந்த துரை ஒருவருக்கு, ஜனங்களின் தினப்படி வாழ்க்கையைப் பார்க்க வேண்டும் என்று பித்துப் பிடித்தது. தெருவில் இறங்கி நடந்தாலே போதும். ஆனால் வெயில், மீன் நாற்றம். அதனால் ஓர் அறையை இருட்டாக்கி, தெருப்பக்கச் சுவரில் சுண்டைக்காய் அளவு துளை போட்டு, எதிரே வெள்ளைத் துணி கட்டினார். தெரு முழுவதும் துணியில் தலைகீழாக நடமாடியது.

செய்தி பரவியது. மறுநாளே பெண்கள் கல்யாணப் புடவையோடு வந்து, துளையைப் பார்த்து விறைத்து நின்றார்கள். துரைக்குக் கோபம் வந்தது. துரைக்கு மொழிபெயர்த்துச் சொல்லும் துபாஷி சுப்பராயலு நிஜமான ஆளைத் தேடிக் கிளம்பி, கோட்டைக்கு எதிரே கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்த பொன்னுரங்கத்தைப் பிடித்தார்.

"மூணு நாளைக்கு இங்கியே குந்தி வலை பொத்து. துரை பார்க்கணும்ன்றாரு."

"நாளைக்கு என் பாடு சாமி. பதிமூணு நாளைக்கு ஒருதபாதான் முகத்துவாரத்துல வலை போட என் முறை வரும். உட்டா அடுத்தவனுக்குப் போயிடும்."

"துரைகிட்ட பாடாவது ஒண்ணாவது. குந்து."

குந்தினான். மாலைக்குள் கிழிசல் தீர்ந்துவிட்டது. பாவம், நல்ல வலையை அறுத்து அறுத்துப் பொத்தினான். 'இந்தப் பக்கம் பார்க்காதே, எப்பவும் போல இரு' என்று சுப்பராயலு அடிக்கடி வந்து மிரட்டினார். ஒருமுறை முதுகைச் சொறிந்தது துரைக்கு ரொம்பப் பிடித்துப்போய், மறுபடி சொறியச் சொல்லி ஆள் வந்தது. மறுநாள் முகத்துவாரத்தில் அடுத்த முறைக்காரன் பச்சைமுத்துவின் வலை விழுந்தது. கூடை கூடையாக மடவை மீன் கரையேறுவதைப் பார்த்துக்கொண்டே பொன்னுரங்கம் வலையை அறுத்தான்.

மூன்றாம் நாள் துரை கூப்பிட்டனுப்பினார். இனாம் கிடைக்கும் என்று ஓடினான். துரை மனம் நொந்து ஏதோ பேச, சுப்பராயலு தமிழில் சொன்னார்.

"ஊர்ல விசாரிச்சாராம், உன் பாடு அன்னிக்குக்கூட நீ ஏரிப்பக்கம் போகலியாம். இந்த ஊரு ஏன் உருப்படலன்னு இப்பத்தான் அவருக்குப் புரிஞ்சுதாம். உன் முறைய உழைக்கிறவனுக்குக் குடுக்கச் சொல்லி ஊர்ப் பெரியவங்களுக்கு உத்தரவு போயிடுச்சு."

"இன்னா சாமி இது. நீங்கதானே குந்தச் சொன்னீங்க. அத அவருகிட்ட சொல்லுங்க."

சுப்பராயலு துரையின் பக்கம் திரும்பி, கைகட்டி, நீளமாக ஏதோ சொன்னார். துரையின் முகம் மலர்ந்தது.

"இன்னா சொன்னீங்க?"

"தப்ப ஒத்துக்கிட்டன்னு சொன்னேன். சந்தோஷப்பட்டாரு. இனிமே உனக்கு ஏரில வேலை இல்லியே, தெனமும் வந்து குந்தச் சொல்றாரு."