காலியாக விட்ட கட்டம்

மலேரியாக் காய்ச்சல் விட்ட பிறகும் கண் திறக்காத குழந்தைகளின் ரத்தத்தில் எந்த மரபணுக்கள் மும்முரமாக வேலை செய்கின்றன என்று எங்கள் கம்பாலா ஆய்வகத்தில் ஒரு பட்டியல் எடுத்திருந்தோம். எண்ணூற்றுச் சொச்சம் பெயர்கள். எந்த வகை மரபணுக்கள் வழக்கத்தைவிட அதிகம் என்று சொல்லும் இணையக் கருவி ஒன்றில் அதைப் போட்டு, 'எதிர்ப்புச் சக்தி எல்லை மீறுகிறது' என்று விடை வாங்கியவர் எங்கள் தலைவர் டாக்டர் செம்வாங்கா. அந்த விடையை நம்பித்தான் எதிர்ப்புச் சக்தியை அடக்கும் மருந்துக்கு அனுமதி கிடைத்தது. இன்று மதியம் முதல் ஊசி, இன்னும் கண் திறக்காத ஐந்து வயது கிசாவுக்கு.

அதே விடையை மறுபடி எடுத்து அழகான படமாக்குவது என் வேலை. படம் போடத்தானே என்னைப் படிக்க வைத்தார்கள்! எரிச்சலோடு பக்கத்தைத் திறந்தேன். 'எதோடு ஒப்பிட?' என்று கேட்கும் கட்டத்தை டாக்டர் காலியாக விட்டிருந்தார். காலியாக விட்டால் கருவி மனித மரபணுக்கள் அத்தனையோடும் ஒப்பிடும். நாங்கள் எடுத்ததோ வெறும் ரத்தம். அதில் எதிர்ப்புச் சக்திக்கான மரபணுக்கள் எப்போதுமே அதிகம். ஏரிக்கரை மீன் சந்தையில் தலை எண்ணிவிட்டு, உகாண்டாவில் எல்லாருமே மீன் விற்கிறார்கள் என்பது போல.

 ரத்தத்தில் தென்பட்ட மரபணுக்களை மட்டும் அந்தக் கட்டத்தில் ஏற்றினேன். திரையில் வட்டம் சுற்றிச் சுற்றி நின்றது. எதிர்ப்புச் சக்தி உட்படக் குறிப்பிடத்தக்கதாக எதுவும் இல்லை என்று வந்தது.

மட்டோக்கே வாழைக்காய் மசியல் தட்டோடு எட்டிப் பார்த்த பக்கத்து மேசை ஒகெல்லோ, தட்டைக் கீழே வைத்தான்.

"மூடுடி அதை, நம்பூசி! உன் பட்டத்துக்குக் கையெழுத்துப் போடறதே அவர்தான்."

"அந்தப் புள்ளைக்கு இருக்கற சக்தியையும் அடக்கிட்டு, வார்டுல ஏதாவது ஒட்டிக்கிட்டா? நீ வந்து தூக்கிப் புதைப்பியா?"

 நான் வார்டுக்கு ஓடினேன்.  டாக்டரிடம் எனக்கு எப்போதுமே பயம்தான்.

வார்டில் டாக்டர் ஊசியில் மருந்தை ஏற்றிக்கொண்டிருந்தார். கிசாவின் அம்மா, குழந்தையின் சட்டைக் கையை மடித்துப் பிடித்திருந்தாள்.

"டாக்டர், போடாதீங்க. ஒப்பிடற கட்டம் காலியா இருந்துருக்கு."

"எந்தக் கட்டம்?" என்று உறுமியவர் பாதியிலேயே நின்றார். புரிந்துவிட்டது. "நிரப்பிப் பாத்தியா?"

"பாத்தேன். ஒண்ணுமே மிஞ்சல."

கத்துவார் என்று தோளைக் குறுக்கிக்கொண்டேன். அவர் ஊசியைத் தட்டில் வைத்தார். 

"இந்த மருந்து வேண்டாம், கிசா அம்மா. இது அவளுக்கு ஆகாது."

"சரிங்க டாக்டர்," என்றாள் அவள். "அப்ப எதைப் போடப் போறீங்க?"

அவர் என்னைப் பார்த்தார். செம்வாங்காவுக்குப் பயந்ததெல்லாம் அந்த நொடியில் ஒன்றுமில்லாமல் போயிற்று. இந்தக் கேள்விக்கு எங்கள் பட்டியலில் பதிலே இல்லை என்பதுதான் இப்போது பயம்.

அவள் இன்னும் அந்தச் சட்டைக் கையை இறக்கிவிடவில்லை.