பேசிக்கொண்டபடி

எங்கள் ஆபீஸில் மீட்டிங் ரூம் இரண்டு இருக்கின்றன. முடிவெல்லாம் கீழே டீக்கடையில்தான். மேலே வந்ததும் ‘பேசிக்கொண்டபடி’ என்று தொடங்கும் மெயில் ஒன்று வரும். யார் பேசினீர்கள் என்று கேட்கக் கூடாது. கேட்கக் கூடாது என்று யாரும் சொன்னதுமில்லை. டீக்குக் கிளம்பும்போது ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வார்கள். அந்தப் பார்வை என் நாற்காலியை மட்டும் சுற்றிக்கொண்டு போகும்.

எங்கள் கிளையண்ட் கம்பெனி அனுப்பும் பார்சல்கள் ஏன் இத்தனை திரும்பி வருகின்றன என்று கண்டுபிடித்தது நான். டெலிவரி ஆட்களுக்கு ஒவ்வொருவராகப் போன் போட்டேன். லிப்ட் இல்லாத மாடி வீடுகள். கனத்தைத் தூக்கிக்கொண்டு எத்தனை தடவை ஏறுவான் மனுஷன்? ‘ஆளில்லை’ என்று போட்டுவிடுகிறார்கள். இதைக் கிளையண்டிடம் யார் எடுத்துச் சொல்வது என்று அன்றைக்கு முடிவாக வேண்டும். என் வேலையை நான்தான் சொல்ல வேண்டும். யாரும் கூப்பிடாமலே கீழே போனேன்.

“அடடே, வாம்மா! நீ டீ குடிக்க மாட்டேன்னுல்ல நெனச்சோம்” என்றார் டீம் லீடர்.

“நீங்க கேட்டதே இல்லையே சார்.”

“பாத்து சார், புள்ள கடிச்சு வச்சிரும்” என்றார் சீனியர். எல்லோரும் சிரித்தார்கள்.

ஸ்டூலை நானே இழுத்துப் போட்டுக்கொண்டேன். பேச்சு மழைக்குத் தாவியது. என் கிளாஸ் காலியாகும்வரை மழை நிற்கவே இல்லை.

“நாளைக்குப் பிரசன்டேஷன நானே பண்றேன் சார்.”

“அதுக்கென்னம்மா, பாத்துக்கலாம். நாமெல்லாம் ஒரே ஃபேமிலி.”

நான் எழுந்ததும் அவர்கள் இன்னொரு டீ சொன்னார்கள்.

மெயில் வந்தது. பேசிக்கொண்டபடி, சீனியர் பிரசன்ட் செய்வார்; நான் உதவியாக இருப்பேன்.

எல்லோருக்கும் போகும்படி பதில் போட்டேன்: ‘நானும் அங்கேதான் இருந்தேன். மழையைப் பற்றித்தான் பேசினோம்.’

யாராவது திட்டியிருந்தால்கூடப் பதிலுக்குத் திட்டியிருப்பேன்.

மறுநாள் என் ஸ்லைடுகளை வைத்துச் சீனியர் பேசினார். ‘மாடிப்படி’ என்று வந்த இடத்தில் கிளையண்ட் அசந்துபோனார். கைதட்டினார்கள். நானும் தட்டித் தொலைத்தேன்.

அன்று டீக்கு யாரும் யாரையும் பார்க்கவில்லை. ஒருவர் போனைக் காதில் வைத்தபடி போனார். இன்னொருவர் பாத்ரூம் பக்கம் போய், அப்படியே படியிறங்கினார். “தலைவலி, காத்து வாங்கிட்டு வரேன்” என்று சீனியர் பொதுவாகச் சொல்லிவிட்டு நழுவினார். பத்து நாற்காலிகள் காலி.

ஆள் அசைந்தால் எரிகிற விளக்குகள் எங்கள் ஆபீஸில். ஒவ்வொரு வரிசையாக அணைந்துகொண்டு வந்தன. கடைசியாக என் தலைக்கு மேலேயும் அணைந்தது.

கையைத் தூக்கி ஆட்டினேன்.