இடம் மாறிய பிளாஸ்திரி

ரயில் ஓட்டுநர் வேலைக்கு எழுத்துத் தேர்வில் தையல்காரரின் மகள் தேறிவிட்டாள். கண் பரிசோதனை ஒன்றுதான் பாக்கி. தையல்காரரோ அவளுடைய சீருடைக்கு மனசுக்குள் அளவெடுத்து, வெட்டி, காஜா வரைக்கும் போட்டு முடித்திருந்தார். ஆசை யாரை விட்டது?

இடது கண் காலை வாரிவிட்டது.

"கண்ணுல இப்ப ஒரு கோளாறும் இல்லை," என்றார் டாக்டர். "குழந்தையா இருந்தப்ப இந்தக் கண்ணு அனுப்பின படம் மங்கல். மூளை இதை ஒதுக்கிட்டு வலது கண்ணையே நம்பிப் பழகிடுச்சு. பாதை போட வேண்டிய வயசுல போடலை, இனிமே கஷ்டம். அதுக்குத்தானே நல்ல கண்ணை மூடி வைக்கச் சொல்றது? மூடலையா?"

மனைவி பதறிப்போனாள். "மூடினேனே டாக்டர்! வேலைக்குக் கிளம்புறப்ப என் கையாலதான் பிளாஸ்திரி ஒட்டுவேன். திரும்பி வந்து பார்த்தாலும் அப்படியேதான் இருக்கும். நான்தான் சரியா அழுத்தி ஒட்டலையோ என்னவோ... பாவி நான்!"

தையல்காரர் தரையைப் பார்த்தார்.

அந்த நாட்களில் மனைவி தெருமுனையைத் தாண்டியதும் குழந்தை வீறிடும். "அப்பா, ஒண்ணுமே தெரியலப்பா!" அவருக்கு மனசு கேட்காது. மெஷினை நிறுத்திவிட்டு, வலது கண் பிளாஸ்திரியை நோகாமல் உரித்து இடது கண்ணில் ஒட்டுவார். சீக்காளிக் கண்தானே, ஓய்வெடுக்கட்டும் என்பது அவருடைய வைத்தியம். மனைவி வருவதற்குள் மறுபடி இடம் மாற்றிவிடுவார். பாவம் பார்த்தால் பழி வந்து சேரும் என்பார்கள். இங்கே பாவம் பார்த்தது அவர். பழி போய்ச் சேர்ந்தது பெண்டாட்டிக்கு.

ஆஸ்பத்திரி வராந்தாவுக்கு வந்தும் அவள் புலம்பல் ஓயவில்லை. அதற்கு மேல் அவரால் முடியவில்லை.

"நீ சரியாத்தான் ஒட்டினே. நான்தான் மாத்தி மாத்தி ஒட்டினேன்."

அவள் அவர் பக்கம் திரும்பினாள். "நான் வர்றதுக்குள்ள திரும்ப மாத்திடுவீங்க?"

தலையாட்டினார். அவள் பையை எடுத்துக்கொண்டு தள்ளிப்போய் உட்கார்ந்தாள்.

மகள் அவர் பக்கத்தில் வந்து கையைப் பிடித்துக்கொண்டாள்.

"எனக்கு நல்லா ஞாபகம் இருக்குப்பா. நீங்க மாத்தி ஒட்டினதும் உங்க முகம் பளிச்சுன்னு தெரியும். சின்ன வயசுல எனக்கு ரொம்பப் பிடிச்சதே அதுதான்."

மகள் திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பார்.